அயோவாவிலிருந்து கப்ஸ் ஆட்டங்கள்: எம்எல்பி.டிவி வாங்கலாமா, வேறு வழி உண்டா?

டிமாய்ன்_புதுவரவு:

வணக்கம். சிகாகோ கப்ஸ் பேஸ்பால் அணியின் ஆட்டங்களை இந்தப் பருவம் முழுக்கத் தொடர்ந்து பார்க்க வேண்டும். இருப்பது அயோவாவில், டி மாய்ன் நகரில். கேபிள் இணைப்பு கிடையாது. வீட்டில் 5ஜி ஹோம் இன்டர்நெட், ஒரு ஸ்மார்ட் டிவி, காரில் சாதாரண ஏஎம் - எஃப்எம் ரேடியோ.

கேள்விகள் இவை. எம்எல்பி.டிவி (எம்எல்பி என்ற பேஸ்பால் லீக்கின் ஸ்ட்ரீமிங் சேவை) வாங்கினால் கப்ஸ் வருமா? அயோவாவில் "பிளாக்அவுட்" என்கிறார்கள். சிகாகோ இங்கிருந்து சுமார் 300 மைல். இவ்வளவு தூரத்துக்குமா தடை? கப்ஸின் வீட்டு மைதானமான ரிக்லி ஃபீல்டில் வேலை நாட்களில் பகல் 1:20க்கே நிறைய ஆட்டங்கள் தொடங்கிவிடுகின்றன, அதை அலுவலகம் முடிந்து வந்து முழுதாகப் பார்க்க முடியுமா? கார் ஓட்டும்போது ரேடியோவில் கேட்க என்ன வழி? கடைசியாக ஒன்று: படம் டிவியில் ஓட, வர்ணனை மட்டும் கப்ஸ் ரேடியோ வர்ணனையாளர் பாட் ஹ்யூஸ் குரலில் ரேடியோவிலிருந்து வருமாறு செய்ய முடியுமா?

மூன்றாம்_தளம்:

நேரலைக்கு எம்எல்பி.டிவி உங்களுக்குப் பயன்படாது. அதை முதலில் சொல்லிவிடுகிறேன், பணம் கட்டிய பிறகு தெரிந்துகொள்பவர்கள்தான் அதிகம்.

ஒவ்வொரு அணிக்கும் ஒளிபரப்பு எல்லை என்று ஒன்று பிரித்துக் கொடுக்கப்பட்டிருக்கிறது. அந்த எல்லைக்குள் ஆட்டத்தைக் காட்டும் உரிமை உள்ளூர் சேனலுக்கு மட்டும். எம்எல்பி.டிவி என்பது எல்லைக்கு வெளியே இருப்பவர்களுக்கான சேவை. எல்லைகள் மைல் கணக்கில் வரையப்பட்டவை அல்ல. கேபிள் காலத்தில் எந்த ஊரில் எந்த அணியின் சேனல் விற்பனைக்குப் போகலாம் என்று போட்ட கோடுகள். சொந்த அணி இல்லாத அயோவாவை ஆறு அணிகள் தங்கள் எல்லை என்கின்றன: கப்ஸ், வொயிட் சாக்ஸ், கார்டினல்ஸ், ராயல்ஸ், ட்வின்ஸ், ப்ரூவர்ஸ். 30 அணிகளில் ஆறு போனால் மீதி 24 கிடைக்கும் என்று கணக்குப் போடாதீர்கள். இந்த ஆறில் ஒன்று ஆடினாலும் அந்த ஆட்டம் மூடப்படும். டாட்ஜர்ஸ் ப்ரூவர்ஸோடு ஆடினால் டாட்ஜர்ஸும் உங்களுக்கு இல்லை. கப்ஸைப் பொறுத்தவரை வீட்டு மைதானமோ வெளியூரோ, 162 ஆட்டமும் நேரலையில் மூடியிருக்கும்.

எனவே நீங்கள் போக வேண்டிய இடம் மார்க்கீ ஸ்போர்ட்ஸ் நெட்வொர்க். 2020 முதல் கப்ஸ் ஆட்டங்கள் அதில்தான். 2023இல் கேபிள் இல்லாதவர்களுக்கு நேரடிச் சந்தா தொடங்கினார்கள். அப்போது மாதம் 19.99 டாலர். இப்போதைய விலையை அவர்கள் தளத்திலேயே பாருங்கள். ஜிப் கோடு கேட்பார்கள், அதைப் போட்டுச் சரிபார்த்த பிறகு மட்டும் கார்டு எண்ணைக் கொடுங்கள். கேபிள் மாற்றாக விற்கும் ஸ்ட்ரீமிங் தொகுப்புகளை "ஸ்போர்ட்ஸ் உண்டு" என்ற ஒரு வரியை நம்பி வாங்க வேண்டாம். மார்க்கீ எல்லாவற்றிலும் இருப்பதில்லை. சேனல் பட்டியலில் உங்கள் ஜிப் கோடுக்கு மார்க்கீ என்ற பெயர் வருகிறதா என்பதுதான் ஒரே சோதனை.

மாதச் சந்தா எடுப்பவர்கள் மார்ச் கடைசியில் தொடங்கி செப்டம்பர் கடைசியில் நிறுத்திவிடலாம். அக்டோபர் பிளேஆஃப் ஆட்டம் எதுவும் மார்க்கீயில் வராது.

இப்போது பகல் ஆட்டம். இங்கேதான் எம்எல்பி.டிவிக்கு ஒரு நியாயம் இருக்கிறது. அமெரிக்காவுக்குள் பிளாக்அவுட் ஆன ஆட்டம், முடிந்து சுமார் 90 நிமிடம் கழித்து முழு ஆட்டமாகத் திறக்கும். பந்து வீச நேர வரம்பு வைக்கும் பிட்ச் கடிகாரம் 2023இல் வந்த பிறகு பெரும்பாலான ஆட்டங்கள் 2 மணி 40 நிமிடத்தை ஒட்டி முடிகின்றன. 1:20க்குத் தொடங்கியது 4 மணி வாக்கில் முடியும், 5:30க்குத் திறந்துவிடும். அலுவலகத்திலிருந்து வீடு வந்து சேர்வதற்கும் அதற்கும் சரியாக இருக்கும். பகல் ஆட்டங்களை மட்டுமே பின்னர் பார்ப்பவர், மற்ற 24 அணிகளையும் ரசிப்பவர் என்றால் எம்எல்பி.டிவி வாங்கலாம். கப்ஸ் இரவு ஆட்டத்தை அதே நேரத்தில் பார்க்க வேண்டும் என்றால் மார்க்கீ. இரண்டும் வேண்டியதில்லை, மார்க்கீயே பகல் ஆட்டங்களை மறுஒளிபரப்புச் செய்கிறது.

பின்னர் பார்ப்பதாக இருந்தால் எம்எல்பி ஆப்பின் அமைப்புகளில் ஸ்கோரை மறைக்கும் வசதியை இயக்குங்கள். இதை ஃபோனில் ஒரு தடவை, டிவி ஆப்பில் ஒரு தடவை, இரண்டு இடத்திலும் பார்த்துவிடுங்கள். அறிவிப்புகளை நிறுத்துவது வேறு வேலை. ஸ்கோரை மறைத்தாலும் "இறுதி முடிவு" என்று ஃபோன் திரையில் வந்து விழும். இன்னொன்று, காணொளியின் மொத்த நீளமே முடிவைக் காட்டிக்கொடுக்கும். எட்டாவது இன்னிங்ஸில் சமநிலை, பட்டையில் இன்னும் ஒன்றரை மணி நேரம் மிச்சம் இருக்கிறது என்றால் கூடுதல் இன்னிங்ஸ் என்று தெரிந்துபோகும். நகர்த்தும் பட்டையைத் தொடாமல் முன்னும் பின்னும் தாவும் பொத்தானை மட்டும் பயன்படுத்துவது நல்லது.

இருப்பிடத்தை மாற்றிக் காட்டும் விபிஎன் பற்றி யாராவது எழுதுவார்கள், அதற்கு முன் நானே சொல்கிறேன். விதிமுறைக்கு மாறானது. ஃபோனில் ஜிபிஎஸ் இருப்பிடத்தையும் பார்ப்பதால் பாதி நேரம் வேலையும் செய்யாது. மார்க்கீ சந்தா என்ற நேர் வழி திறந்திருக்கும்போது அதற்குத் தேவையே இல்லை.

நடுஅலை:

காணொளிப் பகுதியை மூன்றாம்_தளம் முழுசா சொல்லிட்டார். நான் ரேடியோவுக்கு வர்றேன், ஏன்னா கப்ஸைப் பொறுத்தவரை ரேடியோதான் குறை சொல்ல முடியாத வழி. பாட் ஹ்யூஸ் 1996லேர்ந்து கப்ஸ் ரேடியோவில் இருக்கார், 2023இல் பேஸ்பால் வர்ணனைக்கான ஃபோர்ட் ஃப்ரிக் விருது வாங்கினவர். களத்தில் யார் எங்கே நிக்கறாங்க, காற்று மிச்சிகன் ஏரிப் பக்கமா அடிக்குதா, ஏரியிலேர்ந்து உள்ளே அடிக்குதா, பேட்டர் என்ன நிற கையுறை போட்டிருக்கார் வரைக்கும் சொல்வார். படமே தேவைப்படாது.

முக்கியமான விஷயம், பிளாக்அவுட் படத்துக்குத்தான். வழக்கமான பருவத்தில் ஒலிக்கு எல்லைத் தடை இல்லை. எம்எல்பி ஆப்பில் ஒலி மட்டும் கேட்க தனிச் சந்தா இருக்கு, எம்எல்பி.டிவியோட ஒப்பிட்டா ரொம்ப மலிவு. எம்எல்பி.டிவி வாங்கினவங்களுக்கு இது உள்ளேயே வந்துடும், தனியா வாங்காதீங்க. ஆப்பில் ஆட்டத்தைத் தொட்டா இரண்டு அணியோட ரேடியோவும் பட்டியலில் இருக்கும். கப்ஸ் பக்கத்தைத் தேர்ந்தெடுக்கணும். பார்க்காம தட்டினா எதிரணி வர்ணனை ஓடும்.

டேட்டா பற்றிப் பயம் வேண்டாம். 64 கேபிபிஎஸ் ஒலின்னு வெச்சா மணிக்கு ஏறத்தாழ 29 எம்பி, ஒரு ஆட்டத்துக்கு 100 எம்பிக்குள்ளே. காரில் புளூடூத்ல இதுவே போதும்.

சிகாகோவில் கப்ஸ் நிலையம் 670 ஏஎம், டபிள்யூஎஸ்சிஆர். அந்த நிலையத்தோட இணைய ஒலிபரப்பை வெளியூரில் திறந்தா ஆட்ட நேரத்தில் வேற நிகழ்ச்சி ஓடலாம், ஏன்னா இணையத்தில் ஆட்ட ஒலியோட உரிமை லீக்கோடது. ஆப் பழுதுன்னு நினைச்சு அழிச்சு மறுபடி போட்டுப் பயனில்லை. இணையம்னா எம்எல்பி ஆப், இல்லைன்னா சிரியஸ்எக்ஸ்எம் என்கிற சாட்டிலைட் ரேடியோ. சாட்டிலைட் ரேடியோவில் பெரும்பாலும் மைதானத்துச் சொந்தக்கார அணியோட வர்ணனைதான் வரும். கப்ஸ் வெளியூரில் ஆடும்போது சிரியஸ் ஆப்பில்தான் கப்ஸ் குரலைத் தேடணும். கப்ஸுக்கு அயோவாவிலேயே துணை நிலையங்களும் இருக்கு, அணியோட தளத்தில் ரேடியோ இணைப்பு நிலையங்கள் பட்டியலைப் பாருங்க. ஆனா துணை நிலையங்கள் உள்ளூர் உயர்நிலைப் பள்ளி ஆட்டம், கல்லூரி ஆட்டம் வந்தா கப்ஸை விட்டுடும்.

இனி காற்றில் வர்ற 670. இலவசம், சந்தா இல்லை, தாமதமும் இல்லை. 50,000 வாட் நிலையம். பகலில் அலை தரையை ஒட்டி ஓடுது. 670 என்பது ஏஎம் பட்டையில் கீழ்ப்பக்கம், அயோவா, இல்லினாய் மண் மின்சாரத்தை நல்லாக் கடத்தற கரிசல் சமவெளி. இரண்டும் சேர்ந்து அலை தூரமாப் போகும். அப்படியும் அயோவாவோட கிழக்கு ஓரத்து டேவன்போர்ட் பக்கம் கிடைக்கிற தெளிவு டி மாய்னில் பகலில் கிடைக்காது. இரைச்சலுக்கு அடியில் குரல் கேட்கும் அளவுதான். சூரியன் மறைஞ்சா கதை மாறும். வளிமண்டலத்து உச்சியில் இருக்கிற அயனி அடுக்குகளில், பகலில் அலையை விழுங்கிக்கிட்டிருந்த கீழ் அடுக்கு இரவில் கரைஞ்சுடுது, மேல் அடுக்கில் பட்டு அலை திரும்பி உங்க ஊரில் இறங்குது. 7 மணிக்குத் தொடங்கற ஆட்டம் ஜூன் மாசம் முதல் சில இன்னிங்ஸ் மங்கலா இருந்து, இருட்டின பிறகு திடீர்னு தெளியும். ஏப்ரல், செப்டம்பரில் அதுக்கு முன்னாடியே தெளிஞ்சுடும். நடுநடுவே ஒலி தேய்ஞ்சு தேய்ஞ்சு வர்றது இயல்பு, ரேடியோவில் கோளாறு இல்லை.

வீட்டுக்குள்ளே கேட்கணும்னா ரேடியோவைத் திருப்பி வைக்கக் கத்துக்கணும். ஏஎம்முக்கு நீட்டற கம்பி ஏரியல் வேலை செய்யாது, அது எஃப்எம்முக்கு. ஏஎம் ஏரியல் பெட்டிக்குள்ளே நீளவாக்கில் படுத்திருக்கிற ஃபெரைட் தண்டு. அந்தத் தண்டோட பக்கவாட்டு நிலையத்தைப் பார்க்கணும், முனை பார்க்கக் கூடாது. சிகாகோ உங்களுக்கு நேர் கிழக்கு. அதனால ரேடியோவோட முன்முகமோ பின்முகமோ கிழக்கைப் பார்க்கற மாதிரி, கிழக்குச் சுவர் ஜன்னல் ஓரம் வையுங்க. கால் வட்டம் திருப்பி முனை கிழக்கே போனா குரல் காணாமலே போகும், ஒரு தடவை சோதிச்சுப் பார்த்தா புரிஞ்சுடும்.

இரைச்சல் பெரும்பாலும் உங்க வீட்டிலேர்ந்தே வருது. எல்இடி பல்பு, ஃபோன் சார்ஜர், விளக்கு டிம்மர், டிவி. ரேடியோவை பேட்டரியில் ஓட விட்டு ஒவ்வொண்ணா அணைச்சுப் பாருங்க. எதை அணைச்சா 'ங்ங்' சத்தம் நிக்குதோ அதுதான் காரணம். மெட்டல் சைடிங் போட்ட வீடு, வலை போட்ட ஜன்னல் எல்லாம் அலையை மறைக்கும். இதுக்கு மேலேயும் பலவீனமா இருந்தா டியூன் பண்ணக்கூடிய லூப் ஏரியல் வாங்கி ரேடியோ பக்கத்தில் வைச்சா போதும், ஒயர் கூட இணைக்க வேண்டாம். லூப்போட குமிழைத் திருகி 670இல் சத்தம் குப்புனு ஏறும் இடத்தில் நிறுத்தணும். அதுவும் முன்னும் பின்னும் ஒரே அளவு வாங்கும். மேற்கே ஐடஹோ மாநிலத்துப் போய்சி நகரில் இன்னொரு 670 நிலையம் இருக்கு, எப்பவாவது இரவில் அடியில் அது கேட்டா திருப்பி விலக்க முடியாது, நம்ம நிலையம் ஓங்கும்வரை காத்திருக்கணும்.

ஒரு சேதி. 1930களில் உங்க ஊர் டபிள்யூஎச்ஓ நிலையத்தில் உட்கார்ந்து, தந்தியில் வந்த குறிப்பை வைச்சே கப்ஸ் ஆட்டத்தை நேரில் பார்க்கற மாதிரி வர்ணிச்சவர், பின்னாளில் அமெரிக்க அதிபரான ரொனால்ட் ரீகன். டி மாய்ன் காது கப்ஸுக்குப் பழகி ரொம்ப நாளாச்சு.

டிமாய்ன்_புதுவரவு:

இருவருக்கும் மிக்க நன்றி. மார்க்கீயும் ஒலிச் சந்தாவும் என்று முடிவு செய்துவிட்டேன். இரண்டு சந்தேகம். 5ஜி ஹோம் இன்டர்நெட்டில் டிவி ஆப்கள் சில நேரம் வேறு மாநிலத்தைக் காட்டுகின்றன. மார்க்கீ என்னை எல்லைக்கு வெளியே இருப்பவன் என்று தள்ளிவிடுமா? இரண்டாவது, மார்க்கீ இருந்தும் சில ஆட்டங்கள் வராது என்கிறார்கள். அவை எங்கே வரும்?

ஒன்பதாவது_இன்னிங்ஸ்:

தள்ளிவிட வாய்ப்பு உண்டு. அதற்கு உங்கள் முகவரியோ கார்டின் ஜிப் கோடோ காரணம் ஆகாது. டிவியில் ஜிபிஎஸ் இல்லை, எனவே ஐபி முகவரி எந்த ஊரில் பதிவாகியிருக்கிறது என்று பார்த்தே ஆப் முடிவெடுக்கிறது. கம்பி வழி இணையத்தில் அது பெரும்பாலும் உங்கள் ஊரையே காட்டும். மொபைல் நிறுவனத்தின் ஹோம் இன்டர்நெட்டில் உங்கள் போக்குவரத்து எந்த நகரத்தின் வழியாக வெளியே போகிறதோ அந்த நகரம் காட்டும். டென்வர் என்றோ டல்லாஸ் என்றோ காட்டினால் மார்க்கீ மூடும்.

பணம் கட்டுவதற்கு முன்பே சோதித்துவிடுங்கள். அதே வைஃபையில் மடிக்கணினியை இணைத்து, ஐபி இருப்பிடம் காட்டும் தளங்கள் இரண்டு மூன்றைத் திறந்து பாருங்கள். ஒவ்வொன்றும் வேறு தரவுத்தளம் வைத்திருக்கும். எல்லாம் அயோவா என்றால் கவலை இல்லை. வேறு மாநிலம் என்றால் கேட்வேயை (5ஜி இணையப் பெட்டியை) அணைத்து, சில நிமிடம் கழித்துப் போட்டு மறுபடி பாருங்கள், வேறு ஐபி கிடைக்கலாம். அதிலும் மாறாவிட்டால் ஃபோனில் ஆப்பைப் போட்டு, துல்லியமான இருப்பிட அனுமதியைக் கொடுத்து, அங்கே ஓடுகிறதா என்று பார்க்க வேண்டும். ஓடினால் ஃபோனிலிருந்து எச்டிஎம்ஐ கேபிள் வழியாக டிவிக்குக் கொண்டுபோகலாம். காஸ்ட் செய்வது எப்போதும் உதவாது, அதில் டிவி பக்கத்துச் சாதனமே தன் ஐபியோடு ஸ்ட்ரீமை இழுக்கும், பழைய சிக்கல் திரும்ப வரும்.

வேறு சில காரணங்களும் இதே பிழையைக் காட்டும். ஐஃபோனின் ஐகிளவுட் பிரைவேட் ரிலே, அலுவலக மடிக்கணினியின் விபிஎன், பிரவுசரில் இருப்பிட அனுமதியை மறுத்து வைத்திருப்பது. வாடிக்கையாளர் சேவைக்கு எழுதுவதானால் பிழைச் செய்தியின் படத்தோடு அந்த நேரத்து ஐபி எண்ணையும் அனுப்புங்கள். எண் இல்லாமல் அவர்களால் எதையும் பார்க்க முடியாது.

வேகத்தைப் பொறுத்தவரை 10 எம்பிபிஎஸ் நிலையாகக் கிடைத்தால் எச்டி ஓடும். நிலையாக என்பதே முக்கியம். 5ஜியில் மாலை 7 மணிக்கு மேல் நெரிசல், படம் கலங்கும் என்றால் கேட்வேயை ஜன்னலுக்கு நகர்த்துங்கள், டிவிக்கு வைஃபையை விட ஈதர்நெட் கம்பி போடுங்கள்.

இரண்டாவது சந்தேகம். சில ஆட்டங்களைத் தேசிய நிறுவனங்கள் தங்களுக்கு மட்டும் என்று வாங்கியிருக்கின்றன. அவை மார்க்கீயிலும் இல்லை, எம்எல்பி.டிவியிலும் நேரலையாக இல்லை, நாட்டில் யார் எங்கிருந்தாலும். 2026 முதல் 2028 வரைக்கான புதிய ஒப்பந்தங்களின்படி ஞாயிறு இரவு ஆட்டம் ஈஎஸ்பிஎன்னிலிருந்து என்பிசிக்கும் அதன் ஸ்ட்ரீமிங் சேவையான பீகாக்குக்கும் போயிருக்கிறது. ஞாயிறு முற்பகலில் முதலில் தொடங்கும் ஆட்டம் பீகாக்கில். வெள்ளிக்கிழமை இரண்டு ஆட்டம் ஆப்பிள் டிவியில், இது 2022இலிருந்து. சனிக்கிழமை ஃபாக்ஸ். ஈஎஸ்பிஎன்னுக்குப் பருவத்தில் 30 ஆட்டம், பெரும்பாலும் வாரநாட்களில். செவ்வாய் டிபிஎஸ் ஆட்டம் மட்டும் தனி உரிமை இல்லை, கப்ஸ் அதில் வந்தாலும் நீங்கள் மார்க்கீயிலேயே பார்க்கலாம்.

இத்தனைக்கும் சந்தா கட்ட வேண்டாம். ஃபாக்ஸும் என்பிசியும் காற்றில் இலவசமாக வருபவை. டி மாய்னில் ஃபாக்ஸ் சேனல் 17, என்பிசி சேனல் 13. டிவிக்குப் பின்னால் ஒரு சாதாரண ஆன்டெனாவைச் சொருகி, அமைப்புகளில் சேனல் தேடலை ஓட விட்டால் போதும். ஃபாக்ஸ் சனிக்கிழமை ஒரே நேரத்தில் ஒன்றுக்கு மேற்பட்ட ஆட்டங்களை வட்டாரத்துக்கு வட்டாரம் பிரித்துக் காட்டுவது உண்டு. உங்கள் ஊருக்கு எது என்று அன்று காலை பார்த்துக்கொள்ளுங்கள். ஆப்பிளும் பீகாக்கும் அந்த ஆட்டம் இருக்கும் மாதத்துக்கு மட்டும் எடுத்தால் போதும்.

எம்எல்பி.டிவியைப் பிறகு எப்போதாவது வாங்க நினைத்தால்: 2026 முதல் அதை விற்கும் உரிமை ஈஎஸ்பிஎன்னிடம் போயிருக்கிறது, பழைய பக்கத்தைத் தேடிக் குழம்ப வேண்டாம். டி-மொபைல் வாடிக்கையாளர்களுக்குப் பருவத் தொடக்கத்தில் இலவசமாகக் கொடுத்து வருகிறார்கள். உங்கள் ஹோம் இன்டர்நெட் அவர்களுடையது என்றால் ஃபோன் இணைப்பு இல்லாமலும் தகுதி உண்டா என்று கேளுங்கள். அதை எடுத்துக்கொள்ள அவகாசம் சில நாள்தான், மார்ச் கடைசியில் கவனமாக இருக்க வேண்டும். காசு கொடுத்து வாங்கினால் தானாகப் புதுப்பிப்பதை அன்றே நிறுத்திவிடுங்கள். அடுத்த பருவம் தொடங்கும் முன்பே பணம் எடுத்துவிடுவார்கள்.

நடுஅலை:

வெள்ளி ஆப்பிள் ஆட்டத்தில் ஒண்ணு சேர்த்துக்கிறேன். படம் எங்கே போனாலும் பாட் ஹ்யூஸ், ரான் கூமர் வர்ணனை 670லயும் எம்எல்பி ஒலியிலயும் வழக்கம்போல இருக்கும். தேசிய உரிமை ரேடியோவைத் தொடாது. ரிக்லியில் வெள்ளிக்கிழமை ஆட்டம் பல பகலில் 1:20க்கே வரும், அதையும் ஆப்பிள் எடுக்கறது உண்டு.

படத்தோட ரேடியோ குரலைச் சேர்க்கற கேள்விக்கு யாரும் பதில் சொல்லலையே?

மூன்றாம்_தளம்:

சொல்கிறேன். எம்எல்பி.டிவி ஆப்பில் சில சாதனங்களில் படத்துக்கு ரேடியோ ஒலியை மாற்றும் தெரிவு உள்ளேயே இருக்கிறது. ஒலி மெனுவைத் திறந்தால் டிவி வர்ணனை, கப்ஸ் ரேடியோ, எதிரணி ரேடியோ என்று வரிசையாக வரும். அங்கே தேர்ந்தெடுத்தால் அவர்களே நேரம் பொருத்திக் கொடுத்துவிடுவார்கள். மார்க்கீயில் பார்க்கும்போது நாமே பொருத்த வேண்டும்.

ஸ்ட்ரீமிங் படம் களத்தைவிட அரை நிமிடம், சில சமயம் ஒரு நிமிடம் பின்தங்கி வரும். காற்றில் வரும் 670 உடனுக்குடன் பேசும். இரண்டையும் சேர்த்து வைத்தால் திரையில் பிட்சர் இன்னும் கேட்சரின் சைகையைப் பார்த்துக்கொண்டிருக்கையில் ரேடியோ ஹோம் ரன் என்று கத்திவிடும். ஏஎம் ரேடியோவை நிறுத்திவைக்க முடியாது. எனவே இதற்கு எம்எல்பி ஒலி ஆப்பைப் பயன்படுத்துங்கள், ஆனால் அது படத்துக்கு முன்னால் ஓடுகிறதா, பின்னால் ஓடுகிறதா என்று முதலில் பார்க்க வேண்டும்.

டிவி ஒலியை முழுதாக அடக்காமல் மெல்லிதாக வைத்துக்கொண்டு, ஃபோனில் ரேடியோவை ஓட விடுங்கள். மட்டையில் பந்து படும் 'டக்' சத்தத்தை அளவுகோலாக வையுங்கள். வர்ணனையாளர் பேச்சை வைக்காதீர்கள், அவர் எப்போதும் ஒரு நொடி கழித்தே சொல்வார். ரேடியோவில் 'டக்' கேட்டதும் நொடி எண்ணத் தொடங்கி, திரையில் அதே பந்து அடிபடும்போது நிறுத்துங்கள். 20 வந்தால் ஃபோனில் ரேடியோவை 20 நொடி நிறுத்தி மறுபடி ஓட விட வேண்டும். படம் முன்னால் இருந்தால் படத்தை அதே மாதிரி நிறுத்துங்கள். இன்னிங்ஸ் இடைவேளையில் இதைச் செய்ய முடியாது, விளம்பரங்கள் இரண்டிலும் வேறு வேறு. பேட்டர் களத்தில் நிற்கும்போது செய்ய வேண்டும். ஒரு தடவை பொருத்தினால் இரண்டு மூன்று இன்னிங்ஸ் தாங்கும். இணையம் தடுமாறி எது ஒன்று இடையில் நின்றாலும் பொருத்தம் கெட்டுவிடும், மறுபடி எண்ண வேண்டும். ஃபோனில் இடைநிறுத்தம் வேலை செய்யாமல் நேரலைக்கே தாவினால் பிரவுசரில் திறந்து பாருங்கள்.

இதில் எனக்கு ஒரு கருத்து உண்டு. ஜான் ஷாம்பியும் ஜிம் டெஷேஸும் மார்க்கீயில் செய்வது படத்துக்காகப் பேசும் வர்ணனை. டெஷேஸ் தானே பிட்சராக இருந்தவர்; இந்தப் பந்து ஏன் இப்படி வளைந்தது என்று திரையில் காட்டி அவர் சொல்வதை ரேடியோ கொடுக்க முடியாது. ஏழு நாளும் ரேடியோவை ஒட்டிக் கேட்கத் தேவையில்லை. தேசியச் சேனல் ஆட்டங்களில், கப்ஸை அன்றாடம் பார்க்காதவர்கள் பேசும்போது, இந்த வழி அருமையாக உதவும்.

டிமாய்ன்_புதுவரவு:

ஐபி பார்த்தேன், மூன்று தளத்தில் இரண்டு அயோவா, ஒன்று மினசோட்டா. மார்க்கீ ஒரு மாதம் மட்டும் எடுத்துப் பார்க்கிறேன். அமெரிக்காவுக்கு வெளியே போகும் வாரங்களில் என்ன செய்வது? அக்டோபரில்?

ஒன்பதாவது_இன்னிங்ஸ்:

வெளிநாட்டில் மார்க்கீ ஓடாது, அது எல்லைக்குள் மட்டும். எம்எல்பி.டிவிக்கு அங்கே தலைகீழ் நிலைமை: பெரும்பாலான நாடுகளில் எல்லைத் தடையே இல்லை, கப்ஸ் நேரலையாகவே வரும். சில நாட்களுக்குத்தான் என்றால் மாதச் சந்தா எடுங்கள், ஆண்டுச் சந்தா வேண்டாம். ஒலிச் சந்தா எங்கே போனாலும் கூடவே வரும். இந்தியா என்றால் கோடைக்காலத்தில் சிகாகோ நேரத்தோடு பத்தரை மணி நேரம் கூட்டுங்கள். ரிக்லியின் 1:20 ஆட்டம் இரவு 11:50க்கு, இரவு 7:05 ஆட்டம் மறுநாள் விடிகாலை 5:35க்கு.

அக்டோபரில் எல்லாமே தேசியச் சேனல். முதல் சுற்றான வைல்ட் கார்டு என்பிசி, பீகாக். அதற்கடுத்த இரண்டு சுற்றுகளை டிபிஎஸும் ஃபாக்ஸ் நிறுவனமும் பிரித்துக்கொள்கின்றன. எந்த லீக் யாருக்கு என்பது ஆண்டுக்கு ஆண்டு மாறும். இறுதிச் சுற்றான வேர்ல்ட் சீரிஸ் ஃபாக்ஸ், உங்கள் ஆன்டெனாவிலேயே வரும். கப்ஸ் ஆடும் நேஷனல் லீக் டிபிஎஸ்ஸில் வரும் ஆண்டாக இருந்தால் அந்த ஒரு மாதத்துக்கு, டிபிஎஸ் ஆட்டங்களைக் காட்டும் எச்பிஓ மேக்ஸ் பார்த்துக்கொள்ளுங்கள். 670இல் பாட் ஹ்யூஸ் கடைசி ஆட்டம் வரை இருப்பார். அக்டோபரில் சீக்கிரமே இருட்டிவிடுவதால், மாலை ஆட்டங்கள் டி மாய்னில் முதல் பந்திலிருந்தே நன்றாகக் கேட்கும்.